நம் தரப்பையும் கேட்டு உத்தரவு போடட்டும்

நெல் வியாபாரத்திலும் அரிசி மண்டியிலும் பழகியவர்களுக்கு ஒரு விஷயத்தைச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. மூட்டையைத் தராசில் ஏற்றும்போது விற்பவரும் பக்கத்தில் இருக்க வேண்டும். வாங்குபவரும் இருக்க வேண்டும். விற்பவர் டீ குடிக்கப் போன நேரம் பார்த்து எடை போட்டு முடித்து, "60 கிலோ இல்லை, 57தான் நின்றது" என்று சீட்டு எழுதி நீட்டினால், எடை உண்மையிலேயே அதுவாக இருந்தாலும் அவர் மனம் ஒப்பாது. தராசு முத்திரை போட்டதாக இருக்கலாம். எடை போட்ட ஆள் யோக்கியனாக இருக்கலாம். ஆனாலும் "நான் இல்லாதபோது எப்படிப் போட்டீர்கள்? மறுபடி ஏற்றுங்கள்" என்பார். அப்படிக் கேட்பது நியாயம் என்று நாமும் ஒப்புக்கொண்டு மறு எடை போடுகிறோம்.

நிலத் தகராறுகளில் அதிகாரிகள் பிறப்பிக்கும் உத்தரவும் இந்த எடை போலத்தான். பட்டாவில் பெயர் மாற்றுவது, புறம்போக்கு என்று சொல்லிக் காலி செய்யச் சொல்வது, சாலைக்கு இடம் எடுப்பது, வாடகையை உயர்த்துவது ஆகிய எதுவானாலும், பாதிக்கப்படப் போகிறவரைக் கூப்பிட்டு, "உன் தரப்பு என்ன?" என்று ஒரு வார்த்தை கேட்ட பிறகே முடிவு செய்ய வேண்டும். வக்கீல்கள் இதை இயற்கை நீதி என்கிறார்கள். நமக்கு அது தராசு நீதி.

மளிகைக் கடை நடத்தும் நமக்கும் நிலச் சட்டத்துக்கும் என்ன சம்பந்தம் என்று சில உறுப்பினர்கள் நினைக்கலாம். கடை எதன் மேல் நிற்கிறது? மண்ணின் மேல்தானே! திருக்கடையூரை எடுத்துக் கொள்ளுங்கள். சிலர் சொந்த மனையில் கடை வைத்திருக்கிறோம். சிலர் வாடகை இடத்தில், சிலர் கோயில் மனையில், சிலர் சாலை ஓரத்தில். மணிவிழாவுக்கும் சதாபிஷேகத்துக்கும் வரும் கூட்டத்தை நம்பிப் பூ, தேங்காய், பூஜைச் சாமான் விற்கிறவர்கள் ஏராளம். சரக்கு போனால் திரும்ப வாங்கலாம். இடம் போனால் வாடிக்கையே போய்விடும்.

நமது கிடங்குக்கு நேர்ந்தது

ஊரார் கதையைச் சொல்வதற்கு முன் நம் கதையையே சொல்லிவிடுகிறோம். எந்த அலுவலகம், எந்த அதிகாரி என்று பெயர் குறிப்பிடப் போவதில்லை. அது இங்கே முக்கியமில்லை.

நமது தந்தையார் 1964-இல் ஊர்க் கோடியில் 36 குழி மனை வாங்கி, பின்னால் அதில் கிடங்கு கட்டினார். இன்றைய கணக்கில் ஏறத்தாழ 12 சென்ட். கிரயம் முறையாகப் பதிவானது. தீர்வையும் தவறாமல் கட்டி வந்தோம். 1979-இல் தொடங்கி 1980-களில் தமிழகம் முழுவதும் நில உடைமை மேம்பாட்டுத் திட்டம் என்று கணக்குகளைப் புதுப்பித்தார்களே, யு.டி.ஆர். என்று நாம் பேச்சில் சொல்வது, அந்தச் சமயத்தில் நமது மனையில் 4 சென்ட் பக்கத்து மனைக்காரரின் உட்பிரிவில் சேர்ந்துவிட்டது. ரசீது கைக்கு வந்துவிட்டதால் நாம் கணக்கைப் புரட்டிப் பார்க்கவில்லை. அது நமது தவறு.

தந்தையார் 2004-இல் காலமானார். பக்கத்து மனையை வாரிசுகள் விற்றார்கள். வாங்கியவர் பட்டா மாற்றம் கேட்டு மனுச் செய்தார். 2007-இல் அந்த 4 சென்ட்டும் சேர்ந்தே அவர் பெயருக்கு மாறியது. 2009-இல் சரக்கு இருப்பின் பேரில் கடன் கேட்டு வங்கிக்குப் போனபோதுதான் நமக்கு விஷயமே தெரிந்தது. வில்லங்கச் சான்று சுத்தமாக இருக்கிறது. பத்திரத்தில் 12 சென்ட் இருக்கிறது. பட்டாவில் 8 சென்ட்தான் இருக்கிறது. மேலாளர் கோப்பை மூடி நம் பக்கம் தள்ளினார்.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி, அந்தப் பட்டா மாற்றக் கோப்பின் நகலை வாங்கினோம். அதில் ஒரு பக்கத்தில், நமது தந்தையார் பெயருக்கு அனுப்பிய அறிவிப்பு திரும்பி வந்த உறை. "பெறுபவர் காலமாகிவிட்டார்" என்று தபால்காரர் எழுதியிருக்கிறார். அடுத்த பக்கத்தில் அலுவலகக் குறிப்பு: "அறிவிப்பு அனுப்பப்பட்டது. ஆட்சேபணை எதுவும் வரவில்லை." இறந்தவர் எப்படி ஆட்சேபிப்பார்? நமது கடை அதே ஊரில், அதே தந்தையார் பெயர்ப் பலகையோடு திறந்திருந்தது. தபால்காரர் தினமும் நம் கடை வாசலைத் தாண்டித்தான் போகிறார். வாரிசுகள் யார் என்று ஒரு வார்த்தை விசாரித்திருந்தால் முடிந்திருக்கும்.

மேல்முறையீடு செய்தோம். அங்கே நாம் ஒரே ஒரு கேள்வியைத்தான் முன்வைத்தோம்: எங்களைக் கேட்டீர்களா? இரண்டு ஆண்டுக்குப் பிறகு, 2011-இல், பழைய உத்தரவை ரத்து செய்து, இரு தரப்பையும் வைத்து மறுபடி விசாரிக்கும்படி உத்தரவு வந்தது. இனிப்பு வாங்கிக் கொடுத்தோம். 4 சென்ட்டும் வந்துவிட்டதாகவே நினைத்தோம்.

மறு விசாரணையில்தான் நமக்கு இன்னொரு பாடம் கிடைத்தது. நில அளவர் வந்து சங்கிலி பிடித்தார். பக்கத்து மனைக்காரர் தம் பத்திரங்களைக் கொண்டுவந்தார். அவற்றில் 1958-ஆம் ஆண்டுப் பத்திரம் ஒன்று இருந்தது. நமக்கு விற்ற அதே ஆள், ஓரமாக ஒன்றரை சென்ட்டை 1958-லேயே அவர்கள் முன்னோருக்கு விற்றிருக்கிறார். அதையும் சேர்த்து 1964-இல் நம் தந்தைக்கு எழுதிக் கொடுத்திருக்கிறார். ஏற்கெனவே விற்ற சரக்குக்கு இரண்டாம் முறை பட்டியல் போட்ட கதை! நமது கிடங்கின் வடக்குச் சுவர் அந்த ஒன்றரை சென்ட்டின் மேல்தான் நின்றது.

2012-இல் இருவரும் சம்மத வாக்குமூலம் எழுதிக் கையெழுத்திட்டோம். நமக்கு இரண்டரை சென்ட் திரும்பியது. ஒன்றரை சென்ட் அவருக்கு. வடக்குச் சுவரை இடித்து உள்ளே தள்ளிக் கட்டினோம். செலவு நமக்கு. ஆனால் உறக்கம் கெடவில்லை. ஏன்? அளக்கும்போது நாம் இருந்தோம். அவர் பத்திரத்தை நாம் படித்தோம். நம் பத்திரத்தை அவர் படித்தார். அதிகாரி ஏன் இப்படி முடிவு செய்தார் என்பது எழுத்தில் இருந்தது. தோற்ற பங்கும் கசக்கவில்லை. இன்று அவரும் நமது கடையில்தான் மாதச் சாமான் வாங்குகிறார். 2007-இல் கேட்காமல் போட்ட உத்தரவு நிலைத்திருந்தால் இரண்டு குடும்பமும் இரண்டு தலைமுறைக்குக் கோர்ட்டு வாசலில் நின்றிருக்கும்.

சட்டம் என்ன சொல்கிறது?

தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டம் 1983-ஆம் ஆண்டுடையது. பதிவில் மாற்றம் செய்யும் முன் சம்பந்தப்பட்டவர்கள் வாய்மொழியாகவோ எழுத்து மூலமாகவோ தம் தரப்பைச் சொல்ல வட்டாட்சியர் நியாயமான வாய்ப்புத் தர வேண்டும் என்று அந்தச் சட்டமே சொல்கிறது. வட்டாட்சியர் உத்தரவின் மேல் வருவாய்க் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு. அதற்கு மேல் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு. நிலம் யாருக்குச் சொந்தம் என்பதிலேயே தகராறு என்றால் வட்டாட்சியர் தாமாகத் தீர்ப்புச் சொல்லாமல், உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகச் சொல்ல வேண்டும். பட்டா கையில் இருப்பதாலேயே நிலம் சொந்தமாகிவிடாது என்று நீதிமன்றங்கள் பலமுறை சொல்லியிருக்கின்றன.

புறம்போக்கு ஆக்கிரமிப்பு என்றால் நில ஆக்கிரமிப்புச் சட்டம். அது 1905-ஆம் ஆண்டு, வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம். அதில்கூட 7-ஆவது பிரிவில், காலி செய்யும் நடவடிக்கைக்கு முன், "ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது?" என்று காரணம் கேட்டு அறிவிப்புக் கொடுக்க வேண்டும் என்றுதான் இருக்கிறது. ஏரி, குளம் ஆக்கிரமிப்புகளுக்கு 2007-இல் தனிச் சட்டம் வந்தது. சென்னை உயர் நீதிமன்றம் 2010-இல் அந்தச் சட்டம் செல்லும் என்று சொன்னது. அதே சமயம், வெளியேற்றும் முன் தம் தரப்பைச் சொல்ல வாய்ப்புத் தர வேண்டும் என்பதையும் அதனுள் சேர்த்தே படிக்கச் சொன்னது.

கோயில் மனையில் கடை வைத்திருப்போருக்கு அறநிலையத்துறைச் சட்டம் 1959. அதன் 34-அ பிரிவில் வாடகை நிர்ணயத்துக்கு ஒரு குழு உண்டு. மூன்று ஆண்டுக்கு ஒரு முறை மறு நிர்ணயம். உத்தரவு கைக்குக் கிடைத்த 30 நாட்களுக்குள் ஆணையரிடம் மேல்முறையீடு செய்யலாம். ஆனால் நிர்ணயித்த தொகையைக் கட்டிய அத்தாட்சி இல்லாமல் அந்த மேல்முறையீட்டை எடுத்துக் கொள்ளமாட்டார்கள். "வாடகை அதிகம், அதனால் கட்டமாட்டோம்" என்று வீம்பாக இருந்து, கட்டாததற்காகவே குத்தகையை இழந்தால் நமது நியாயம் எடுபடாமல் போகும். கட்டிவிட்டு வழக்காடுவதே புத்திசாலித்தனம்.

சாலைக்கு இடம் எடுப்பதில் 1956-ஆம் ஆண்டு தேசிய நெடுஞ்சாலைச் சட்டம். நம் ஊர் வழியாகப் போகும் கிழக்குக் கடற்கரைச் சாலைப் பகுதியில் நான்கு வழிச்சாலைப் பணி வந்தபோது இந்தப் பெயர் பலருக்குப் பழக்கமாகியிருக்கும். நிலம் எடுக்கும் உத்தேச அறிவிக்கை வெளியான நாளிலிருந்து 21 நாட்களுக்குள் எழுத்து மூலம் ஆட்சேபணை தெரிவிக்கலாம். நேரிலோ வக்கீல் மூலமோ கேட்கச் சொல்லவும் உரிமை உண்டு. நிலத்தில் அக்கறை உள்ள எவரும் ஆட்சேபிக்கலாம் என்றே சட்டம் சொல்கிறது. அதனால் வாடகைதாரரான கடைக்காரரும் தம் நிலையை எழுதிக் கொடுக்கலாம். ஆனால் பத்திரிகையில் வருவது சர்வே எண் மட்டும். "பஸ் நிறுத்தத்துக்கு எதிர்க்கடை" என்று அச்சிடமாட்டார்கள். தம் கடை எந்தச் சர்வே எண்ணில் நிற்கிறது என்றே தெரியாத கடைக்காரருக்கு 21 நாள் 21 நிமிஷமாகப் போய்விடும்.

சமீபத்தில் வந்த இரண்டு தீர்ப்புகளை நமது உறுப்பினர்கள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும்.

முதலாவது, 2024 மே 16-இல் உச்ச நீதிமன்றம் கொல்கத்தா மாநகராட்சி வழக்கில் சொன்னது. ஒரு தனியார் இடத்தைப் பூங்காவுக்கென்று மாநகராட்சி எடுத்துக்கொண்டதாகச் சொன்னது. அதற்கு ஆதாரமாகக் காட்டிய சட்டப் பிரிவில் நிலம் எடுக்கும் அதிகாரமே இல்லை என்று நீதிமன்றம் கண்டது. சொத்துரிமை இப்போது அடிப்படை உரிமை அல்ல. 44-ஆவது திருத்தத்துக்குப் பிறகு அது அரசியல் சாசனத்தின் 300-ஏ பிரிவில் இருக்கிறது. ஆனால் சட்டத்தின் அதிகாரம் என்று அந்தப் பிரிவு சொல்வதற்குள்ளேயே ஏழு உரிமைகள் அடங்கியிருக்கின்றன என்று நீதிமன்றம் விளக்கியது. அவை: முன்னறிவிப்புப் பெறும் உரிமை, ஆட்சேபணையைச் சொல்லிக் கேட்கப்படும் உரிமை, காரணத்தோடு கூடிய முடிவைப் பெறும் உரிமை, பொது நோக்கத்துக்காக மட்டுமே எடுக்க வேண்டும் என்பது, நியாயமான இழப்பீடு, காலதாமதமில்லாத நடவடிக்கை, நடவடிக்கையை இழுத்தடிக்காமல் முடிவுக்குக் கொண்டுவருவது. இந்த ஏழையும் ஒரு அட்டையில் எழுதிக் கல்லாப்பெட்டிக்கு மேலே மாட்டி வைக்கலாம்.

இரண்டாவது, 2024 நவம்பர் 13-இல் கட்டடங்களை இடிப்பது பற்றி உச்ச நீதிமன்றம் பிறப்பித்த வழிகாட்டுதல்கள். அறிவிப்பை ஒப்புகை அட்டையுடன் பதிவுத் தபாலில் அனுப்ப வேண்டும். கட்டடத்திலும் ஒட்ட வேண்டும். பதில் சொல்ல 15 நாளோ உள்ளூர்ச் சட்டம் சொல்லும் காலமோ, எது அதிகமோ அதைத் தர வேண்டும். நேரில் கேட்க வேண்டும். இறுதி உத்தரவில் காரணம் எழுத வேண்டும். உத்தரவுக்குப் பின்னும் 15 நாள் பொறுக்க வேண்டும். இடிப்பதை வீடியோ எடுக்க வேண்டும். மீறும் அதிகாரிகள் சொந்தப் பொறுப்பில் பதில் சொல்ல வேண்டும். ஆனால் ஒன்றை மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். சாலை, நடைபாதை, ரயில் பாதை ஓரம், ஆறு, நீர்நிலை போன்ற பொது இடங்களில் அனுமதியின்றிக் கட்டியவற்றுக்கும், நீதிமன்ற உத்தரவுப்படி இடிப்பவற்றுக்கும் இந்த வழிகாட்டுதல்கள் பொருந்தா. ஆகவே சாலையில் மூன்றடி முன்னே தகரக் கொட்டகை போட்டுவிட்டு இந்தத் தீர்ப்பைத் தூக்கிக் காட்டினால் பலன் இராது.

பழைய வழக்கு, பழைய பாடம்

இது புதிதாக வந்த ஞானம் அல்ல. 1863-இல் லண்டனில் கூப்பர் என்பவர், சட்டப்படி ஏழு நாள் முன்னறிவிப்புக் கொடுக்காமல் வீடு கட்டத் தொடங்கினார். அந்த வட்டார வாரியம் வந்து இடித்துவிட்டது. இடிக்கும் அதிகாரம் அதற்குச் சட்டத்தில் இருந்தது. ஆனாலும் இடிக்கும் முன் அவரைக் கேட்கவில்லை என்பதற்காகவே கூப்பர் வென்று நஷ்டஈடு பெற்றார். அந்த வழக்கில் அதற்கும் முந்தைய 1723-ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றை நினைவுகூர்ந்தார்கள். விலக்கப்பட்ட கனியைத் தின்ற ஆதாமைக்கூடக் கடவுள் கூப்பிட்டு விசாரித்த பிறகுதான் தண்டித்தார் என்று நீதிபதி சொன்ன தீர்ப்பு அது. எல்லாம் தெரிந்த கடவுளே கேட்டார் என்றால், கோப்பில் பாதி மட்டுமே தெரிந்த மனிதர் கேட்க வேண்டாமா?

நமக்கு லண்டன் வரை போக வேண்டியதில்லை. நமக்குப் பக்கத்திலிருக்கும் பூம்புகாரிலிருந்து மதுரைக்கு வியாபாரம் செய்யப் போனவன் கோவலன். நம்மைப் போல ஒரு வணிகன். பொற்கொல்லன் ஒருவன் பேச்சை மட்டும் கேட்டு, எதிர்த் தரப்பைக் கூப்பிடாமல் பாண்டியன் உத்தரவிட்டான். விசாரணை பிறகுதான் நடந்தது, அதுவும் கண்ணகி போய் நின்றதால். சிலம்பை உடைத்தார்கள், உள்ளே மாணிக்கம். அரசியின் சிலம்பில் இருந்ததோ முத்து. உடைத்துப் பார்க்க எவ்வளவு நேரம் ஆகியிருக்கும்? அந்தச் சிறிது நேரத்தைக் கொடுக்காததால் ஒரு வணிகன் உயிர் போயிற்று, அரசன் உயிர் போயிற்று, ஒரு நகரமே எரிந்தது.

1978-இல் மேனகா காந்தி வழக்கில், காரணம் சொல்லாமல், தரப்பைக் கேட்காமல் கடவுச்சீட்டைப் பறித்தது பற்றி விசாரித்த உச்ச நீதிமன்றம், நடைமுறை என்பது பெயருக்கு இருந்தால் போதாது, நியாயமானதாக இருக்க வேண்டும் என்றது. 1985-இல் பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கு. ஓல்கா டெல்லிஸ் வழக்கு என்பார்கள். நடைபாதையில் குடியிருக்க அவர்களுக்கு உரிமை இல்லை என்றே நீதிமன்றம் சொன்னது. ஆனால் மாநகராட்சிச் சட்டத்தில் அறிவிப்பு இல்லாமல் அகற்றலாம் என்று இருந்தாலும், சாதாரணமாக அறிவிப்புக் கொடுத்தே அகற்ற வேண்டும் என்றது. மழைக்காலம் முடிந்து அக்டோபர் 31 வரை அகற்றக் கூடாது என்றும் உத்தரவிட்டது. தோற்கப் போகிற மனிதனும் கேட்கப்பட வேண்டும் என்பதே அதன் சாரம்.

நாம் கேட்காமல் விட்ட ஒரு வார்த்தை

இந்த இடத்தில் நமது சங்கத்தின் தவறு ஒன்றையும் எழுதாமல் விட்டால் இந்தக் கட்டுரை ஒருபக்க எடையாகிவிடும்.

2003-இல் கோயிலுக்கு வரும் வண்டிகள் நிற்க இடமில்லை, சரக்கு இறக்க முடியவில்லை என்று நமது வட்டாரக் கடைக்காரர்கள் சேர்ந்து ஒரு மனு எழுதினோம். சாலை ஓரத் தட்டுக்கடைகளை அகற்ற வேண்டும் என்பது கோரிக்கை. நாமும் கையெழுத்துப் போட்டோம். ஒரு நாள் விடியற்காலையில் வந்து எல்லாவற்றையும் அகற்றிவிட்டார்கள். எந்த அறிவிப்பும் இல்லை. நமக்கு அன்று மகிழ்ச்சிதான்.

அன்று மாலை, வெற்றிலை பாக்கும் தேங்காயும் விற்றுவந்த ஓர் அம்மாள் நமது கடைக்கு வந்தார். பாக்கும் கற்பூரமும் நம்மிடம்தான் கடனுக்கு வாங்குவார். கையில் ஒரு பிஸ்கட் டின். திறந்து காட்டினார். அடுக்கடுக்காகப் பி மெமோ ரசீதுகள். இருபது வருஷத்துக்கு மேலாக அந்த இடத்துக்கு அபராதத் தீர்வை கட்டி வந்திருக்கிறார். பி மெமோ கட்டியதால் இடம் சொந்தமாகிவிடாது. அது நமக்குத் தெரியும். ஆனால் அவர் யார், எத்தனை காலமாக இருக்கிறார் என்பது அரசாங்கக் கணக்கிலேயே இருந்தது. அறிவிப்புக் கொடுக்க விலாசம் தேட வேண்டியதில்லை.

"எடுக்கச் சொன்னா எடுத்திருப்பேனே மொதலாளி. நாலு நாளு முன்னால சொல்லியிருந்தா தேங்காயையாவது வித்திருப்பேன். நீங்ககூட ஒரு வார்த்தை சொல்லலியே" என்றார்.

நம்மிடம் பதில் இல்லை. மனுவில் நமது கையெழுத்து இருப்பது அவருக்குத் தெரியுமோ தெரியாதோ, இன்றுவரை நமக்கு விளங்கவில்லை. அவர் நமக்குத் தர வேண்டியது 1,140 ரூபாய். தள்ளுபடி செய்கிறோம் என்றோம், மறுத்துவிட்டார். மகள் வீட்டில் இருந்துகொண்டு, எட்டு மாதத்தில் நாற்பதும் ஐம்பதுமாகக் கொடுத்துக் கணக்கை முடித்தார். அதன் பிறகு அவரை நாம் பார்க்கவில்லை. பேரேட்டில் அவர் பக்கம் பாக்கி இல்லை. நம் பக்கம் இருக்கிறது.

ஆறு வருஷம் கழித்து, திரும்பி வந்த அந்தத் தபால் உறையைக் கையில் வைத்துக்கொண்டு "எங்களைக் கேட்டீர்களா?" என்று கொதித்தபோது, அந்தப் பிஸ்கட் டின் நினைவுக்கு வந்தது. கேட்கப்பட வேண்டும் என்பது பத்திரம் வைத்திருப்பவனுக்கு மட்டும் உரிய சலுகை அல்ல. தெருவோர வியாபாரிகளுக்கு 2014-இல் மத்திய அரசு தனிச் சட்டமே கொண்டுவந்தது. சான்று பெற்ற தெரு வியாபாரியை இடம் மாற்றவோ வெளியேற்றவோ 30 நாள் அறிவிப்புத் தர வேண்டும் என்று அதில் இருக்கிறது. அந்த அம்மாளுக்கு அது பதினோரு வருஷம் தாமதம்.

நாம் செய்ய வேண்டியவை

அதிகாரிகள் எல்லோரும் கெட்டவர்கள் என்று நாம் சொல்ல வரவில்லை. ஒரு வட்டாட்சியர் மேஜையில் எத்தனை கோப்பு கிடக்கிறது என்று பார்த்தவர்கள் அப்படிப் பேசமாட்டார்கள். நமது பகுதிக் கோப்புகளோ 1991-இல் தஞ்சாவூரிலிருந்து நாகப்பட்டினம் மாவட்டத்துக்கும், 2020-இல் மயிலாடுதுறை மாவட்டத்துக்கும் இடம் மாறியவை. ஆனால் இரு தரப்பையும் கேட்டுப் போட்ட உத்தரவு மேல்முறையீட்டில் நிற்கும். கேட்காமல் போட்டது திரும்பி வரும். அவர்களுக்கே இரட்டை வேலை. கேட்பது அவர்களுக்கும் நல்லது.

நமது பக்கத்தில் செய்ய வேண்டியவற்றைச் சொல்கிறோம்.

ஒன்று: கடை, கிடங்கு, வீடு மூன்றின் சர்வே எண்ணையும் உட்பிரிவையும் இந்த வாரமே எழுதி வைத்துக் கொள்ளுங்கள். வாடகைதாரரும் வைத்திருக்க வேண்டும்.

இரண்டு: பத்திரத்தையும் பட்டாவையும் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டுப் பாருங்கள். பட்டா, சிட்டா, அ-பதிவேடு இப்போது இணையத்திலேயே பார்க்கக் கிடைக்கின்றன. பேரப்பிள்ளையிடம் சொன்னால் ஐந்து நிமிஷத்தில் எடுத்துத் தருவான்.

மூன்று: பெற்றோர் காலமானால் சடங்குகள் முடிந்த கையோடு வாரிசுச் சான்று வாங்கிப் பட்டாவில் பெயர் மாற்றுங்கள். நாம் ஐந்து வருஷம் சோம்பலாக இருந்ததன் விலை என்ன என்று மேலே எழுதியிருக்கிறோம்.

நான்கு: அறிவிப்பு வந்தால் வாங்க மறுக்காதீர்கள். "வாங்கினால்தானே வம்பு" என்று தபாலைத் திருப்பி அனுப்புவது நம்மவர்களிடம் உள்ள கெட்ட பழக்கம். மறுத்தாலும் சட்டத்தில் சார்வு ஆனதாகவே கொள்ள இடமுண்டு. வாங்குங்கள், கெடுவுக்குள் எழுத்து மூலம் பதில் கொடுங்கள், நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள். வாய்ப்பேச்சு கோப்பில் ஏறாது.

ஐந்து: விசாரணைக்குக் கூப்பிட்டால் நேரில் போங்கள். எதிர்த் தரப்பு கொடுத்த ஆவணங்களின் நகலைக் கேளுங்கள். நில அளவர் வரும் நாளில் கடையைப் பையனிடம் விட்டுவிட்டு நீங்களே நில்லுங்கள்.

ஆறு: உத்தரவில் காரணம் இருக்கிறதா என்று பாருங்கள். உங்கள் ஆட்சேபணைக்குப் பதில் சொல்லாமல் "பரிசீலித்து நிராகரிக்கப்படுகிறது" என்று ஒற்றை வரியில் முடித்திருந்தால், மேல்முறையீட்டில் அதுவே உங்களுக்கு முதல் வாதம். உத்தரவு கைக்கு வந்த தேதியைக் குறித்து வையுங்கள். கெடு அன்றிலிருந்து ஓடுகிறது.

கடைசியாக ஒன்று. நமது வட்டாரக் கடைக்காரர்களிடையே இப்போது ஒரு வழக்கம் வைத்திருக்கிறோம். யார் மேலும் எந்த அலுவலகத்துக்கும் கூட்டு மனு எழுதுவதற்கு முன், யார் மேல் எழுதுகிறோமோ அவரைக் கூப்பிட்டு உட்கார வைத்து, "இப்படி ஒரு புகார் இருக்கிறது, உங்கள் தரப்பு என்ன?" என்று கேட்கிறோம். டீ வாங்கிக் கொடுத்துத்தான் கேட்கிறோம். பாதித் தகராறு அந்த நாற்காலியிலேயே முடிந்துவிடுகிறது. மீதிக்கு மனு எழுதுகிறோம், அவர் சொன்னதையும் அதில் சேர்த்தே எழுதுகிறோம். சில உறுப்பினர்களுக்கு முதலில் இது பிடிக்கவில்லை. "நம்மை யார் கேட்கிறார்கள்?" என்றார்கள். நாம் கேட்கத் தொடங்கினால்தான் நம்மைக் கேட்கச் சொல்லும் வாய் நமக்கு வரும் என்று பதில் சொன்னோம்.

மற்ற ஊர்ச் சங்கங்களும் இதைத் தீர்மானமாகப் போட்டு நடத்திப் பார்க்கும்படி கேட்டுக் கொள்கிறோம். செலவு ஒரு டீதான்.